போர்டு போய் கம்பெனி வந்தாச்சு, மெமோ கொடுக்கும் அதிகாரம் இப்போது யாரிடம்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தண்டையார்பேட்டை, வியாசர்பாடி, திருவொற்றியூர் பக்கத்து மின்வாரியப் பிரிவு அலுவலகங்களிலும், அத்திப்பட்டு அனல் மின் நிலையத்திலும் வேலை பார்க்கும் தோழர்கள் கையில் மெமோவோடு (ஒழுங்கு நடவடிக்கைக் குறிப்பாணையோடு) வந்து கேட்கும் கேள்விகள் இவை. உள்விசாரணைகளில் ஊழியருக்குத் துணையாக உட்காருகிறவன் நான். இதே கேள்விகளுக்கு டீக்கடையிலும் கேட்டுக்கு வெளியிலும் நின்று பதில் சொல்லிச் சொல்லி, சரி, எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடலாம் என்று எழுதுகிறேன். வக்கீலுக்குப் பதிலாக இதை வைத்துக்கொள்ளாதீர்கள். வக்கீலிடம் போவதற்கு முன் எந்தக் காகிதங்களைத் தேடி எடுக்க வேண்டும் என்று தெரிந்துகொள்ள இது போதும்.

நான் சேர்ந்தது மின்வாரியத்தில். மெமோ இன்னொரு கம்பெனி பெயரில் வருகிறது. எனக்கு மெமோ கொடுக்க இவர்களுக்கு அதிகாரம் இருக்கிறதா?

இருக்கிறது. அந்த அதிகாரம் தானாக வந்ததல்ல, சட்டத்தின் வழியாக வந்தது. தமிழ்நாடு மின்வாரியம் 1957 ஜூலை 1-ல் தொடங்கியது. 2003 மின்சாரச் சட்டத்தின் 131-வது பிரிவு, வாரியத்தின் சொத்துகளையும் பொறுப்புகளையும் மாநில அரசு முதலில் தன் கைக்கு எடுத்து, பிறகு கம்பெனிகளுக்கு மாற்றித் தரலாம் என்கிறது. ஊழியர்களை மாற்றுவதைப் பற்றி 133-வது பிரிவு தனியாகப் பேசுகிறது. அதன்படி 2010 நவம்பர் 1 முதல் வாரியம் பிரிந்தது. மேலே ஒரு தாய் நிறுவனம், கீழே உற்பத்திக்கும் பகிர்மானத்துக்கும் சேர்த்து ஒரு கழகம், மின் தொடரமைப்புக்கு இன்னொரு கழகம். 2024-ல் உற்பத்தியும் பகிர்மானமும் தனித்தனியானது, பசுமை எரிசக்திக்கென்று ஒரு கழகமும் வந்தது. ஆக, நீங்கள் ராஜினாமா செய்து புதிதாகச் சேரவில்லை. உங்கள் வேலை, பணிக்காலம், சர்வீஸ் புக் எல்லாம் அரசு வெளியிட்ட மாற்றத் திட்டத்தின் வழியாக அடுத்த நிறுவனத்துக்குப் போயிருக்கின்றன. முதலாளிக்கு உரிய ஒழுங்கு நடவடிக்கை அதிகாரமும் அதே வழியில் போனது.

"உங்களுக்கு மெமோ கொடுக்க உரிமையே இல்லை" என்று ஒரு வரியில் பதில் எழுதிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போகாதீர்கள். அந்த வாதம் நிற்காது. கம்பெனிக்கு அதிகாரம் உண்டா என்று கேட்பதில் பயனில்லை. கம்பெனிக்குள் இந்தக் கையெழுத்தைப் போட்டவருக்கு, உங்கள் பதவியில் இருப்பவர்மேல் நடவடிக்கை எடுக்க எந்த ஆணை அதிகாரம் கொடுத்தது என்று கேளுங்கள். இந்தப் பக்கத்தில் வரும் பதில்களில் பெரும்பாலானவை இந்தக் கேள்வியைச் சுற்றித்தான் வருகின்றன.

மாறியதால் பழைய நிபந்தனைகள் குறையக்கூடாது என்கிறார்களே, ஒழுங்கு நடவடிக்கைக்கும் அது பொருந்துமா?

133(2)-ன் நிபந்தனைப் பகுதியில் இது இருக்கிறது: மாற்றம் நடக்காமல் இருந்திருந்தால் ஊழியருக்கு எந்தப் பணி நிபந்தனைகள் கிடைத்திருக்குமோ, அவற்றைவிட மாற்றத்துக்குப் பிந்தைய நிபந்தனைகள் எந்த வகையிலும் குறைவாக இருக்கக்கூடாது. சம்பளம், பென்ஷன் பற்றி மட்டும்தான் இது பேசுகிறது என்று பலர் நினைக்கிறார்கள். பணி நிபந்தனை என்றால் சம்பளம் மட்டும் இல்லை. குற்றச்சாட்டு எழுத்தில் வர வேண்டும், விசாரணை நடக்க வேண்டும், மேல்முறையீட்டுக்கு ஒரு கதவு இருக்க வேண்டும் என்று பழைய விதிகள் கொடுத்த பாதுகாப்பும் பணி நிபந்தனைதான் என்று வாதாட நல்ல இடம் இருக்கிறது. உதாரணத்துக்கு, பழைய விதியில் இரண்டு கட்ட மேல்முறையீடு இருந்து புதிய கம்பெனி ஒன்றை மட்டும் வைத்தால், அதை எதிர்க்க இந்தப் பிரிவுதான் உங்கள் பிடிமானம்.

ஆனால் இதை எல்லை தாண்டி இழுக்கக்கூடாது. "என்னை விசாரிக்க வேண்டியவர் இன்ன அதிகாரிதான், வேறு யாரும் வரக்கூடாது" என்ற உரிமை யாருக்கும் எப்போதும் இருந்ததில்லை. நிர்வாகம் பதவிகளின் பெயரை மாற்றலாம், வட்டங்களைப் பிரிக்கலாம், சேர்க்கலாம். அந்த மாற்றத்தால் உங்கள் பாதுகாப்பு குறைந்ததா என்பதைத்தான் பார்க்க வேண்டும்.

என்னை நியமித்தது மேற்பார்வைப் பொறியாளர். இப்போது செயற்பொறியாளர் டிஸ்மிஸ் ஆர்டர் கொடுத்திருக்கிறார். செல்லுமா?

இந்த மாதிரி வழக்குகளில் ஊழியர் பக்கம் நியாயம் கிடைக்க வாய்ப்பு அதிகம். நியமித்தவரைவிடக் கீழ்நிலையில் இருப்பவர் வேலையை விட்டு நீக்கக்கூடாது என்பது அரசு ஊழியருக்கு அரசியலமைப்பின் 311(1)-ல் எழுதியிருக்கிறது. வாரிய ஊழியருக்கும் கம்பெனி ஊழியருக்கும் 311 நேரடியாகப் பொருந்தாது. இருந்தாலும் பொதுத்துறை நிறுவனங்களின் நடத்தை விதிகள் பெரும்பாலும் அதே கொள்கையைத் தங்களுக்குள் எழுதி வைத்திருக்கின்றன. ஆகவே நீங்கள் காட்ட வேண்டியது 311 இல்லை, உங்கள் நிறுவன விதியும் அதோடு இணைந்த அட்டவணையும்தான். எந்தப் பதவிக்கு யார் நியமன அதிகாரி, யார் சிறு தண்டனை கொடுக்கலாம், யார் பெருந்தண்டனை கொடுக்கலாம், மேல்முறையீடு யாரிடம் என்று அந்த அட்டவணை சொல்லும்.

இங்கே இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். ஒன்று, நியமித்த அதே ஆள் வேண்டியதில்லை, அதே நிலையில் இருக்கும் வேறொருவர் போதும் என்று மகேஷ் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் வெகு காலம் முன்பே, 1950-களிலேயே சொல்லிவிட்டது. எனவே உங்களை நியமித்த எஸ்.இ. (மேற்பார்வைப் பொறியாளர்) வட சென்னை வட்டத்தில் இருந்தார், இப்போது கையெழுத்துப் போட்டவர் வேறு வட்டத்து எஸ்.இ. என்பது மட்டும் ஆர்டரை உடைக்காது. அவருடைய அதிகார எல்லைக்குள் நீங்கள் இருக்கிறீர்களா என்பது தனிக் கேள்வி. இரண்டு, நீங்கள் சேர்ந்தபோது எஸ்.இ. நியமித்தார், பிறகு அதிகாரப் பகிர்வு ஆணை ஒன்று வந்து உங்கள் பதவிக்கான நியமன அதிகாரம் ஈ.ஈ.க்கு (செயற்பொறியாளருக்கு) இறங்கிவிட்டது என்று நிர்வாகம் சொல்லும். அப்போது உங்கள் நியமன ஆணைதான் ஆயுதம். உண்மையில் நியமித்தவர், இன்று நியமிக்க அதிகாரம் உள்ளவர், இருவரில் யார் உயர்ந்தவரோ அவரையே நியமன அதிகாரியாகக் கொள்ள வேண்டும் என்று மத்திய அரசு ஊழியர்களின் 1965 விதிகள் சொல்கின்றன. உங்கள் விதியில் அதற்கு ஒப்பான வரையறை இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் பாதிக் கேஸ் முடிந்தது. ஹெல்பராகச் சேர்ந்தபோது வாங்கிய அந்தக் காகிதத்தை எங்கே வைத்தோம் என்று தெரியாத தோழர்கள் அதிகம். இன்றைக்கே தேடுங்கள். இல்லையென்றால் சர்வீஸ் புக்கின் முதல் பக்கங்களின் நகலைக் கேட்டு வாங்குங்கள்.

அப்படியானால் 311 இல்லை என்றால் நான் தனியார் கம்பெனி ஆள் மாதிரியா?

இல்லவே இல்லை. பொதுத்துறை நிறுவன ஊழியருக்கு 311 கிடையாது என்று 1970-ல் ஹிந்துஸ்தான் ஸ்டீல் பற்றிய அகர்வால் வழக்கில் சொன்னார்கள், உண்மைதான். ஆனால் மின்வாரியம் அரசியலமைப்பின் 12-வது பிரிவின்படி "அரசு" என்று 1967-லேயே, ராஜஸ்தான் மின்வாரியம் தொடர்பான மோகன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. முழுக்க அரசுக்குச் சொந்தமான வாரிசு கம்பெனியும் அதே நிலைதான். அதனால் சமத்துவம், அரசு வேலையில் சம வாய்ப்பு பற்றிய அரசியலமைப்பின் 14, 16 பிரிவுகள் உங்களுக்கு உண்டு, உயர் நீதிமன்றத்தில் 226-வது பிரிவின் கீழ் ரிட் மனு போடலாம். தொழிலாளர் சட்டம் சொல்லும் "வேலையாள்" என்ற வரையறைக்குள் வருகிறவர்களுக்குத் தொழிலாளர் நீதிமன்றம் என்ற இன்னொரு வழியும் இருக்கிறது. அங்கே தண்டனையின் அளவையே குறைக்க நீதிபதிக்கு அதிகாரம் உண்டு என்பதால், லைன்மேன், வயர்மேன், ஹெல்பர் தோழர்களுக்குப் பல நேரம் அதுதான் நல்ல வழி. ஹைகோர்ட் என்றால் பெரிது, லேபர் கோர்ட் என்றால் சின்னது என்று நினைக்க வேண்டாம்.

சார்ஜ் மெமோவில் (குற்றச்சாட்டுக் குறிப்பாணையில்) உதவி செயற்பொறியாளர்தான் கையெழுத்துப் போட்டிருக்கிறார். டிஸ்மிஸ் செய்யும் அதிகாரம் அவருக்கு இல்லை. மெமோவே செல்லாது என்று சொல்லலாமா?

அதிகமாக வருவதும், அதிகமாகத் தப்பாகப் புரிந்துகொள்ளப்படுவதும் இந்தக் கேள்விதான். பொறுமையாகப் படியுங்கள்.

இந்தப் பக்கம், நம் மாநிலத்திலிருந்தே போன தவசியப்பன் வழக்கில் 1996-ல் உச்ச நீதிமன்றம், தண்டனை கொடுக்கும் அதிகாரிதான் குற்றச்சாட்டையும் கொடுக்க வேண்டும் என்று விதி சொல்லாதவரை, கட்டுப்பாட்டு அதிகாரியாக இருக்கும் மேலதிகாரி நடவடிக்கையைத் தொடங்கலாம் என்றது. அந்தப் பக்கம், கோபிநாத் வழக்கில் 2013-ல் அதே நீதிமன்றம், குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கு ஒழுங்கு நடவடிக்கை அதிகாரியின் ஒப்புதல் இல்லாததால் அந்த மெமோ நிற்காது என்றது. ஒன்றுக்கொன்று முரண் போலத் தோன்றும், ஆனால் இரண்டு தீர்ப்பும் அந்தந்த விதியின் வாசகத்தைப் பார்த்துத்தான் சொன்னவை. கோபிநாத் வழக்கில் இருந்த மத்திய அரசு விதி, குற்றச்சாட்டை ஒழுங்கு நடவடிக்கை அதிகாரியே தயாரிக்க வேண்டும் அல்லது தயாரிக்கச் செய்ய வேண்டும் என்று தெளிவாகச் சொல்லியிருந்தது.

ஆகவே உங்கள் விதியைத் திறந்து, குற்றச்சாட்டு கொடுப்பது யார் என்ற வரியைப் படியுங்கள். "ஒழுங்கு நடவடிக்கை அதிகாரி" என்று இருந்தால், உங்களுக்கு நல்ல ஆட்சேபம் இருக்கிறது. "தகுதியுள்ள அதிகாரி" என்றோ, சிறு தண்டனை கொடுக்க அதிகாரம் உள்ளவரும் தொடங்கலாம் என்றோ இருந்தால், ஏ.இ.இ. (உதவி செயற்பொறியாளர்) கையெழுத்து போதும், தண்டனை ஆணையில்தான் சரியான கையெழுத்து வேண்டும். இன்னொன்று: மெமோவில் கீழதிகாரி கையெழுத்திட்டிருந்தாலும், கோப்பில் மேலதிகாரி ஒப்புதல் கொடுத்திருக்கலாம். அந்தக் கோப்புக் குறிப்பின் நகலைக் கேட்டுப் பார்க்காமல் வாதத்தைக் கட்டக்கூடாது.

அப்புறம், இந்த ஆட்சேபத்தை முதல் பதிலிலேயே எழுதிவிடுங்கள். விசாரணை முழுக்க உட்கார்ந்து, சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்து, தண்டனை வந்த பிறகு "அதிகாரமே இல்லை" என்றால், இத்தனை நாள் என்ன செய்தீர்கள் என்றுதான் நீதிபதி கேட்பார். அதே நேரம், ஆட்சேபத்தை மட்டும் எழுதிவிட்டுக் குற்றச்சாட்டுக்குப் பதில் சொல்லாமல் விடுவது மிகப் பெரிய ஆபத்து. இரண்டையும் எழுதுங்கள். "அதிகாரம் பற்றிய என் ஆட்சேபத்துக்குப் பங்கமில்லாமல் பின்வரும் பதிலைத் தருகிறேன்" என்று ஒரு வாக்கியம் போட்டால் போதும்.

தலைமைப் பொறியாளரே நேரடியாகத் தண்டனை கொடுத்துவிட்டார். பெரிய அதிகாரி கொடுத்தால் பிரச்சனை இல்லைதானே?

பிரச்சனை இருக்கலாம். விதிப்படி உங்களுக்குத் தண்டனை கொடுக்க வேண்டியவர் எஸ்.இ., மேல்முறையீடு சி.இ.யிடம் (தலைமைப் பொறியாளரிடம்) என்றால், சி.இ.யே தண்டனை கொடுத்த பிறகு நீங்கள் யாரிடம் அப்பீல் போவீர்கள்? யூகோ வங்கி தொடர்பான சுர்ஜித் கோஷ் வழக்கில் 1995-ல் இதே காரணத்துக்காகப் பணிநீக்க ஆணையை ரத்து செய்தார்கள், மேல்முறையீட்டு உரிமை பறிபோனது என்று. ஆனால் அடுத்த சில ஆண்டுகளிலேயே பல்பீர் சந்த் வழக்கில், மேலதிகாரி கொடுத்தாலும் அவருக்கு மேல் அப்பீல் வாய்ப்பு இருந்து, ஊழியருக்குப் பாதிப்பு இல்லை என்றால் ஆணை செல்லும் என்றும் சொல்லியிருக்கிறார்கள். கம்பெனி ஆன பிறகு இந்தக் குழப்பம் கூடத்தான் செய்கிறது. பழைய வாரியத்தில் இருந்த உறுப்பினர், தலைவர் என்ற மேல்படிகளுக்குப் பதில் இயக்குநர், மேலாண்மை இயக்குநர், இயக்குநர் குழு என்று வந்துவிட்டது. தண்டனை ஆணையின் கடைசிப் பத்தியில் யாரிடம், எத்தனை நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம் என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். எழுதவில்லை என்றால் எழுத்திலேயே கேளுங்கள். பதில் வரும்வரை காத்திருக்காமல் அடுத்த நிலை அதிகாரிக்குக் காலக்கெடுவுக்குள் மேல்முறையீட்டை அனுப்பிவிடுங்கள்.

சம்பவம் நடந்தது வாரிய காலத்தில், அல்லது முந்தைய கழகத்தில். இப்போதைய கம்பெனி அதற்காக விசாரிக்கலாமா?

விசாரிக்கலாம். 1996-ல் ஒடிசாவில் தொடங்கி ஆந்திரா, கர்நாடகா, டெல்லி என்று வாரியங்கள் பிரிந்தபோது வந்த மாற்றத் திட்டங்களில் இதற்கென்று ஏற்பாடு இருப்பது வழக்கம். நிலுவையில் உள்ள ஒழுங்கு நடவடிக்கைகள் காலாவதி ஆகாது, மாற்றத்துக்கு முந்தைய தவறுகளுக்காகவும் வாரிசு நிறுவனம் நடவடிக்கை எடுக்கலாம் என்று அது சொல்லும். நம் அரசாணையில் அந்தப் பகுதி எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்பதை அசலிலேயே படியுங்கள், யாரோ சொன்னதை வைத்து முடிவு செய்யாதீர்கள்.

இங்கே ஊழியருக்குக் கிடைக்கும் நியாயமான வாதம் தாமதம்தான். பத்து வருடத்துக்கு முந்தைய மீட்டர் கணக்கீட்டை இப்போது எடுத்து வைத்துக்கொண்டு மெமோ கொடுத்தால், அந்தக் காலத்து அட்டை, பதிவேடு, உடன் வேலை பார்த்தவர் எதுவும் கிடைக்காது. பிரிவினையின்போது கோப்புகள் ஒரு கட்டடத்திலிருந்து இன்னொரு கட்டடத்துக்குப் போனதில் காணாமல் போனவையும் உண்டு. அந்தக் காகிதம் இல்லாமல் உங்களால் ஏன் பதில் சொல்ல முடியாது என்று குறிப்பாக எழுதுங்கள். "தாமதம் ஆகிவிட்டது" என்று மொட்டையாக எழுதினால் பலன் இல்லை.

எண்ணூர் அனல் மின் நிலையத்தில் இருந்தேன், அது மூடிய பிறகு வேறு இடத்துக்கு மாற்றினார்கள். இப்போது பகிர்மானத்தில் இருக்கிறேன். பழைய இடத்து விவகாரத்துக்கு யார் மெமோ கொடுக்க வேண்டும்?

எண்ணூர் நிலையம் 2017-ல் நிறுத்தப்பட்டது. அங்கிருந்தவர்கள் பல பக்கம் சிதறினார்கள். ஒரே நிறுவனமாக இருந்தவரை இது எளிய கேள்வி: இப்போது நீங்கள் யார் கட்டுப்பாட்டில் வேலை பார்க்கிறீர்களோ அவர் நடவடிக்கை எடுப்பார், பழைய இடத்திலிருந்து கோப்பும் சாட்சியும் வரும். 2024-க்குப் பிறகு உற்பத்திக் கழகமும் பகிர்மானக் கழகமும் சட்டத்தின் பார்வையில் தனித்தனி நபர்கள். ஒரு கம்பெனியின் அதிகாரி இன்னொரு கம்பெனியின் ஊழியரைத் தண்டிக்க முடியாது, நடுவில் ஒரு ஆணையோ விதியோ பாலமாக இல்லாவிட்டால். எனவே நீங்கள் இன்று யாருடைய ஊழியர் என்பதைக் காட்டும் ஒதுக்கீட்டு ஆணையை முதலில் எடுங்கள். சம்பளப் பட்டியலில் எந்தக் கழகத்தின் பெயர் என்பதையும் பாருங்கள். அத்திப்பட்டிலிருந்து உற்பத்திப் பிரிவு அதிகாரி, இப்போது கொடுங்கையூரில் பகிர்மானத்தில் இருப்பவருக்கு நேராக மெமோ அனுப்பினால், "எந்த ஆணையின்படி" என்று கேட்க உங்களுக்கு முழு உரிமை இருக்கிறது. அவர் உண்மை அறிக்கை தயாரித்து உங்கள் இப்போதைய அதிகாரிக்கு அனுப்பலாம், அதில் தப்பில்லை.

ஒரே சம்பவத்தில் இரண்டு கழகத்து ஆட்களும் மாட்டியிருந்தால் இன்னும் சிக்கல். கூட்டு விசாரணை என்றால் இருவருக்கும் பொதுவான அதிகாரம் உள்ளவர் யார் என்று எழுத்தில் ஆணை வேண்டும்.

அயல்பணியில் (வேறு நிறுவனத்துக்குத் தற்காலிகமாக அனுப்பப்பட்டு) வல்லூருக்குப் போனால்?

வல்லூர் அனல் மின் நிலையம், மத்திய அரசின் மின் உற்பத்தி நிறுவனமான என்.டி.பி.சி.யும் நம் வாரியமும் சேர்ந்து தொடங்கிய கூட்டு நிறுவனத்துடையது. அங்கே அயல்பணியில் போகிறவர் தாய் நிறுவனத்தின் ஊழியராகவே தொடர்கிறார். மத்திய அரசு விதிகளில் இதற்கு ஒரு தெளிவான முறை உண்டு: ஆளை அயல்பணியில் வாங்கிக்கொண்ட நிறுவனம் சஸ்பெண்ட் செய்யலாம், விசாரணை நடத்தலாம், சிறு தண்டனையைத் தாய் நிறுவனத்தைக் கலந்துகொண்டு கொடுக்கலாம், பெருந்தண்டனை தேவை என்று தோன்றினால் ஆளையும் கோப்பையும் தாய் நிறுவனத்துக்குத் திருப்பி அனுப்ப வேண்டும். மற்ற இடங்களில் அயல்பணி நிபந்தனைக் கடிதத்தில் இதே வடிவத்தில் எழுதுவார்கள். போகும் முன் அந்தக் கடிதத்தைப் படியுங்கள். கூடுதல் படி எவ்வளவு என்று மட்டும் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள்.

கம்பெனி புதிதாக ஒழுங்கு விதி கொண்டுவந்தால் அப்படியே ஏற்க வேண்டுமா?

வேலையாள் என்ற வரையறைக்குள் வருகிறவர்களுக்கு நிலையாணைகள் (ஸ்டாண்டிங் ஆர்டர்) உண்டு, அதற்கு மேல்நிலையில் இருப்பவர்களுக்கு ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகள். எது உங்களுக்குப் பொருந்தும் என்பதே முதல் கேள்வி, மெமோவில் எந்த விதி எண் போட்டிருக்கிறார்கள் என்று பாருங்கள். தொழில் தகராறு சட்டத்தின் நான்காவது அட்டவணையில், புதிய ஒழுங்கு விதிகளைக் கொண்டுவருவதும் இருக்கும் விதிகளை மாற்றுவதும் அந்தச் சட்டத்தின் 9ஏ பிரிவின்படி 21 நாள் முன்னறிவிப்பு கொடுக்க வேண்டிய விஷயங்களில் ஒன்றாக இருந்தது, நிலையாணையிலேயே அதற்கு இடமிருந்தால் தவிர. 2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் 2020 தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம் வந்துவிட்டது, முன்னறிவிப்பு தேவை என்ற ஏற்பாடு அதிலும் தொடர்கிறது. சங்கங்கள் இதில் கண் வைக்க வேண்டும். தனி ஊழியர் ஒருவர் தன் மெமோவுக்குப் பதில் எழுதும்போது இதைக் கண்டுபிடித்து எழுதுவது கஷ்டம்.

சஸ்பெண்ட் ஆகிவிட்டேன். எவ்வளவு நாள், எவ்வளவு பணம்?

சஸ்பெண்ட் காலத்தில் கிடைக்கும் பணம் பற்றி 1981-ல் வந்த தமிழ்நாடு பிழைப்பூதியச் சட்டத்தின்படி முதல் 90 நாள் பாதிச் சம்பளம், 91-வது நாளிலிருந்து 180-வது நாள் வரை முக்கால், அதற்கு மேல் முழுச் சம்பளம். தாமதத்துக்கு நீங்களே காரணம் என்றால் இந்த உயர்வு கிடைக்காது. உங்கள் விதியில் இதைவிடக் குறைவாகக் கணக்கிட்டிருந்தால் எழுத்தில் கேளுங்கள். 2015-ல் அஜய்குமார் சௌத்ரி வழக்கில், மூன்று மாதத்துக்குள் சார்ஜ் மெமோ கொடுக்காவிட்டால் சஸ்பென்ஷன் நீடிக்கக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதற்காகத் தொண்ணூற்றோராவது நாள் காலையில் ஆபீசுக்குப் போய்க் கையெழுத்துப் போடலாம் என்று நினைக்க வேண்டாம். மனு கொடுத்து, மறுபரிசீலனை கேட்டு, கிடைக்காவிட்டால் நீதிமன்றம் போக வேண்டும்.

லஞ்ச ஒழிப்புத் துறை வழக்கும் இருக்கிறது. அதற்கும் இந்த அதிகாரக் கேள்விக்கும் தொடர்பு உண்டா?

நேரடித் தொடர்பு உண்டு. ஊழல் தடுப்புச் சட்டம் 19-வது பிரிவின்படி வழக்கு நடத்த முன் அனுமதி தர வேண்டியவர், உங்களை வேலையிலிருந்து நீக்க அதிகாரம் உள்ளவர்தான். அதாவது கம்பெனி மாறிய பிறகு அந்த அட்டவணையில் யார் பெயர் இருக்கிறது என்ற அதே கேள்வி குற்றவியல் நீதிமன்றத்திலும் எழுகிறது. தகுதியில்லாதவர் கொடுத்த அனுமதியை வைத்து நடந்த விசாரணை செல்லாது என்று நஞ்சப்பா வழக்கில் 2015-ல் சொன்னார்கள், சரியான அனுமதி வாங்கி மறுபடி நடத்தவும் வழி விட்டார்கள். உங்கள் வக்கீலிடம் இந்தத் தேதிகளைக் கொடுங்கள்: சம்பவ நாள், அனுமதி ஆணை நாள், அன்றைக்கு நீங்கள் எந்தக் கழகத்தின் ஊழியர்.

கிரிமினல் வழக்கும் உள்விசாரணையும் ஒரே நேரத்தில் நடக்கலாம். இரண்டுக்கும் ஒரே ஆதாரம், சிக்கலான சட்டக் கேள்வி, கடுமையான குற்றச்சாட்டு என்றால் உள்விசாரணையை நிறுத்தி வைக்கக் கேட்கலாம் என்பது 1999 பால் ஆண்டனி தீர்ப்பு.

அப்பா டெலிபோன் துறையில் சேர்ந்து பி.எஸ்.என்.எல்.லுக்கு மாறியவர். அவருக்கும் இதே நிலைதானா?

கொள்கை ஒன்று, விதி வேறு. 2000 அக்டோபர் 1-ல் பி.எஸ்.என்.எல். தொடங்கியபோது ஊழியர்கள் முதலில் அயல்பணியில் இருப்பவர்களாகக் கருதப்பட்டார்கள், பிறகு நிரந்தரமாக உள்வாங்கப்பட்டார்கள். உள்வாங்கப்பட்ட பிறகு கம்பெனியின் நடத்தை விதிதான், 2006-ல் அதற்கென்று தனி விதி வந்தது. ஆனால் அரசுப் பணிக்காலத்தையும் சேர்த்து அரசே பென்ஷன் தருவதால், அவர்களை டிஸ்மிஸ் செய்தால் அந்த முடிவை அமைச்சகம் மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்ற கூடுதல் பாதுகாப்பு ஓய்வூதிய விதியில் இருக்கிறது.

முன்பு, கம்பெனியில் செய்த தவறுக்காக டிஸ்மிஸ் ஆனாலும் அரசுப் பணிக்காலத்து ஓய்வூதியம் பறிபோகாது என்று இருந்தது. 2025 மே மாதம் மத்திய அரசின் 2021 ஓய்வூதிய விதிகளின் 37-வது விதியைத் திருத்தி, பறிபோகும் என்று மாற்றிவிட்டார்கள். அமைச்சக மறுபரிசீலனை மட்டும் தொடர்கிறது. முப்பது வருடம் உழைத்த குடும்பத்துக்கு இது எவ்வளவு பெரிய அடி என்று சொல்லத் தேவையில்லை. இது அநியாயமான திருத்தம் என்றே நான் நினைக்கிறேன், அரசில் உழைத்த காலத்துக்கான பென்ஷனைப் பிற்காலத்து கம்பெனித் தவறுக்காக எடுப்பது நியாயமில்லை. ஆனால் அது மாறும்வரை, பி.எஸ்.என்.எல். தோழர்கள் பெருந்தண்டனை மெமோவை முன்பைவிடப் பல மடங்கு கவனத்தோடு எதிர்கொள்ள வேண்டும். அமைச்சகத்துக்குக் கோப்பு போகும் கட்டத்தில் உங்கள் தரப்பு மனுவையும் சேர்த்து அனுப்பக் கேளுங்கள்.

ஓய்வு பெற்ற பிறகு மெமோ வருமா?

மாநில அரசின் 1978 ஓய்வூதிய விதிகளின்படி, ஓய்வுக்குப் பிறகு புதிதாக நடவடிக்கை தொடங்க வேண்டுமானால் சம்பவம் நான்கு ஆண்டுக்குள் நடந்திருக்க வேண்டும், அரசின் அனுமதியும் வேண்டும். கம்பெனியில் "அரசு" என்ற இடத்தில் யார் என்பதைத்தான் கேட்க வேண்டும். ஓய்வுக்கு முன்பே தொடங்கியது என்றால் தொடரும்.

நான் கான்ட்ராக்ட் ஆள். கம்பெனி இன்ஜினியர் எனக்கு மெமோ கொடுக்கிறார்.

காகிதப்படி உங்கள் முதலாளி கான்ட்ராக்டர், மெமோ கொடுக்க வேண்டியவரும் அவர்தான். கம்பெனி இன்ஜினியர் கையெழுத்தோடு மெமோ வந்தால் அதைக் கிழிக்காதீர்கள், பத்திரமாக வையுங்கள். வேலை வாங்குவதும் தண்டிப்பதும் கம்பெனிதான், நடுவில் கான்ட்ராக்ட் வெறும் பெயருக்கு என்று நிரூபிக்க நேர்ந்தால் அது நல்ல ஆதாரம்.

மெமோ வந்தால் முதல் வாரத்தில் என்ன செய்ய வேண்டும்?

வாங்கிக்கொள்ளுங்கள். வாங்க மறுத்தால் பதிவுத் தபாலில் வரும், கதவில் ஒட்டுவார்கள், பிறகு நீங்கள் இல்லாமலே விசாரணை முடியும். வாங்கும்போது தேதி போட்டுக் கையெழுத்திடுங்கள். பதில் கொடுக்கக் கெடு எத்தனை நாள் என்று பாருங்கள், ஆவணம் வேண்டும் என்றால் கெடு முடியும் முன்பே நீட்டிப்பு கேட்டு மனு கொடுத்து நகலில் முத்திரை வாங்குங்கள். மெமோவில் சொன்ன ஆவணப் பட்டியல், அதிகாரப் பகிர்வு ஆணை, உங்கள் பதவிக்கான அட்டவணை, ஒதுக்கீட்டு ஆணை, இந்த நான்கையும் எழுத்தில் கேளுங்கள். அலுவலகம் தராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்தோடு மனு போடலாம், பதிலுக்கு 30 நாள். விசாரணைக்கு உடன் பணியாளர் ஒருவரைத் துணைக்கு வைக்க விதி அனுமதிக்கிறதா என்று பார்த்து, பெயரை முன்கூட்டியே கொடுங்கள். விசாரணை முடிந்ததும் தண்டனைக்கு முன்பாக விசாரணை அறிக்கையின் நகலைத் தர வேண்டும் என்பது 1993 கருணாகர் தீர்ப்பு. நகல் வந்ததும் அதற்கும் தனியாகப் பதில் எழுதுங்கள். பெரும்பாலானோர் "முன்பே சொன்னதுதான்" என்று விட்டுவிடுகிறார்கள். தண்டனை கொடுக்கப் போகும் அதிகாரி பல நேரம் உங்கள் தரப்பை முதன்முதலாகப் படிப்பது அந்தப் பதிலில்தான், அவர் விசாரணையில் உட்கார்ந்திருக்கவே மாட்டார்.